கூட ரெண்டு கரண்டி

பழிவாங்குவது என்று பிரியந்தி முடிவு செய்தபோது, அவள் மடியில் இருந்த பிள்ளைக்கு வயது இரண்டு மாதம். பழிவாங்க அவள் எடுத்த ஆயுதமும் அந்தப் பிள்ளைதான். கேட்கவே வயிறு எரிகிறதல்லவா? எரியட்டும். நடந்ததை நடந்தபடி சொல்லத்தான் வேண்டும்.

பூண்டுலோயாவுக்கு மேலே இருக்கிற அந்தத் தேயிலைத் தோட்டத்தில், மாதத்தில் ஒரு புதன்கிழமை பிள்ளை நிறுக்கிற நாள். கொழுந்து பறிக்கப் போகும் தாய்மார் கைக்குழந்தைகளை விட்டுப் போகிற பிள்ளைக் காம்பராவில்தான் நிறுப்பார்கள். உத்தரத்தில் தராசைத் தொங்கவிட்டு, கால்சட்டை மாதிரித் தைத்த துணிக்குள் பிள்ளையின் காலை நுழைத்து, கொக்கியில் மாட்டுவார்கள். முள் ஆடி ஓய்ந்ததும் மருத்துவிச்சி ரிஸ்னா மிஸ் பிள்ளையின் அட்டையில் ஒரு புள்ளி வைத்து, போன மாதப் புள்ளியிலிருந்து கோடு இழுப்பார். சுற்றி நிற்கிற பெண்களுக்குக் கோடாவது புள்ளியாவது! தினமும் கொழுந்துச் சாக்கைத் தராசில் மாட்டி, முள் எங்கே நிற்கிறது என்று பார்த்துப் பார்த்தே பழகிய கண்கள் அவை. யாருக்குக் கூட, யாருக்குக் குறைச்சல் என்பதுதான் கேள்வி. பிள்ளைகளையும் அவர்கள் அப்படித்தான் பார்த்தார்கள்.

அன்றைக்கு லோஜினியின் மகன் மதுரனை மாட்டினார்கள். ஐந்து கிலோ நானூறு. "அடேயப்பா!" என்றார்கள் பெண்கள். அடுத்தது பிரியந்தியின் மகள் நிலக்ஷி. மூன்று கிலோ தொள்ளாயிரம்.

லோஜினி வேறு யாருமில்லை. பிரியந்தியின் கணவன் கஜேந்திரனுக்கு அண்ணன் பெண்சாதி. ஒரே லயத்தில், அந்த நீள வரிசை வீட்டில், அடுத்தடுத்த காம்பரா, நடுவில் ஒற்றைச் சுவர். இரண்டு பேரும் மூன்று வார இடைவெளியில் பிள்ளை பெற்றவர்கள். ஆதரவாக ஒரு வார்த்தை சொல்ல வேண்டியவள், வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தாள்.

"என்னடி இது, முள்ளு அசையவே மாட்டேங்குது! வெறுந் துணியத்தான் மாட்டியிருக்கியோ?" என்றாள். பிறகு மற்றவர்கள் பக்கம் திரும்பி, "பாவம், அவ என்ன செய்வா. வாயில ஊறுற அளவுக்கு மாருல ஊறலயே" என்றாள்.

கொல்லென்று ஒரு சிரிப்பு. அத்தனை பேரும் சிரித்தார்கள். பிள்ளைகளைப் பார்த்துக்கொள்கிற ராசம்மாகூட முந்தானைக்குள் சிரித்தாள்.

"லோஜினி, சும்மா இருங்க!" என்று அதட்டினார் ரிஸ்னா மிஸ். "இந்தப் பிள்ள பொறந்தப்ப ரெண்டு கிலோ நானூறு. ரெண்டு மாசத்துல ஒன்றரைக் கிலோ ஏறியிருக்கு. இதோட கோட்டுல இது அழகாப் போகுது. பக்கத்து வீட்டுப் பிள்ளையோட ஒப்பிடாதீங்க, பிரியந்தி. ஆறு மாசம் வரைக்கும் தாய்ப்பால் மட்டும் போதும்."

மிஸ் சொன்ன எதுவும் பிரியந்தியின் காதில் ஏறவில்லை. அந்தச் சிரிப்பு மட்டும்தான் ஏறியது. மார்பு பாலால் கட்டி வலித்துக்கொண்டிருந்த நேரத்தில், பால் இல்லாதவள் என்று ஊர் கூட்டிச் சொல்லிவிட்டாளே! இருடி, இருக்கு ஒனக்கு, என்று மனசுக்குள் கறுவிக்கொண்டு பிள்ளையைத் தூக்கிக்கொண்டு வீட்டுக்கு வந்தாள்.

கொழும்பில் கடையில் நிற்கிற கஜேந்திரனுக்கு அன்றைக்கே போன் போட்டாள். "பால்மா டின் அனுப்புங்க. ஒண்ணு பத்தாது." அவன் காரணம் கேட்டான். "ஒங்க மகள ஊரே எலிக்குஞ்சுன்னு சிரிக்குது, அதுதான் காரணம்" என்றாள். யாரும் எலிக்குஞ்சு என்று சொல்லவில்லை. ஆத்திரத்தில் வந்த வார்த்தை அது. அவனுக்கும் சுருக்கென்று தைத்திருக்கும் போல, ஞாயிற்றுக்கிழமை ஊருக்கு வந்த சிநேகிதனிடம் மூன்று டின் கொடுத்துவிட்டான்.

டின்னில் எழுதியிருந்தது அவளுக்குப் படிக்கத் தெரியாமல் இல்லை. பத்தாம் வகுப்பு வரை படித்தவள். நாலு கரண்டி தட்டிப் போட வேண்டிய தண்ணீருக்கு ஆறு கரண்டி போட்டாள், அதுவும் குவித்து. மேலே சீனி. மூன்றாம் மாதத்திலிருந்து மேரி பிஸ்கட்டைப் பொடித்துப் போட்டாள். கூழ் இறங்கவில்லை என்று ஊசியைக் காய்ச்சி போத்தல் மூக்கின் ஓட்டையைப் பெரிதாக்கினாள். நிலக்ஷி குடித்துவிட்டு முகத்தைத் திருப்பினால், கன்னத்தைப் பிடித்துத் திருப்பி மறுபடியும் வாயில் வைத்தாள். வாயை மூடிக்கொண்டால் தாடையை அமுக்கினாள். தூங்கினால் தட்டி எழுப்பினாள். கக்கினால் துடைத்துவிட்டு, கக்கிய அளவுக்கு மறுபடி கரைத்தாள்.

"குடிடி தங்கம். ஒன் பெரியம்மா கண்ணு பிதுங்கணும்" என்பாள் கொஞ்சுகிற குரலில். பிள்ளை அந்தக் குரலை நம்பிச் சிரிக்கும்.

மூன்றாம் மாதம் ஐந்து கிலோ அறுநூறு. நாலாம் மாதம் நிறுக்கும் நாளில் அவள் ஒரு தந்திரமும் செய்தாள். மழை நாளில் கொழுந்து ஈரமாக வரும், எடை கூடக் காட்டும். கணக்கப்பிள்ளை தண்ணிக்கென்று இரண்டு கிலோ கழித்துவிட்டுத்தான் எழுதுவார். பிள்ளைக் காம்பராவில் தண்ணிக்குக் கழிக்க யார் இருக்கிறார்கள்? வாசலில் உட்கார்ந்து ஒரு போத்தல் நிறைய உள்ளே இறக்கிவிட்டுத்தான் நிலக்ஷியைக் கொக்கியில் மாட்டக் கொடுத்தாள்.

ஏழு கிலோ இருநூறு. மதுரன் ஏழு கிலோதான்.

சும்மா சொல்லக்கூடாது, பிரியந்திக்கு உச்சி குளிர்ந்தது. "யக்கா, முள்ளு அசையுதா?" என்று லோஜினியைப் பார்த்துக் கேட்டாள். அன்றைக்கு லோஜினியோடு சேர்ந்து சிரித்த அதே பெண்கள் இந்த முறை லோஜினியைப் பார்த்துச் சிரித்தார்கள். லோஜினியின் முகம் விழுந்துபோனது. அதைப் பார்த்தபடியே பிரியந்தி மகளுக்கு முத்தம் கொடுத்தாள்.

ரிஸ்னா மிஸ் மட்டும் சிரிக்கவில்லை. அட்டையைப் பிடித்துக்கொண்டு அவளைத் தனியாகக் கூப்பிட்டார். "நானும் தோட்டத்துப் பக்கம் பொறந்து வளந்தவதான். ஈரக் கொழுந்து எது, காஞ்ச கொழுந்து எதுன்னு எனக்குத் தெரியும். வாசல்ல என்ன குடுத்தீங்க?"

"தாய்ப்பால்தான் மிஸ்."

"பொய் சொல்லாதீங்க. இந்தக் கோட்டப் பாருங்க, ஏணி வச்சு ஏறுறாப்புல ஏறுது. இது நல்லதுக்கில்ல. பிள்ள மொகத்தத் திருப்பினா போதும்னு அர்த்தம். வாய மூடினா போதும்னு அர்த்தம். அதுக்கு மேல திணிச்சா, அதுக்கே அதோட வயிறு நெறஞ்சது தெரியாமப் போயிரும். அழுகையெல்லாம் பசி இல்ல. இப்பவே இப்பிடி ஊதினா, நாளைக்கு சீனி வருத்தம், பிரஷர்னு அதுதான் சொமக்கணும்."

பிரியந்தி தலையை ஆட்டினாள். மனசுக்குள் நினைத்ததோ வேறு. லோஜினி தோற்றது மிஸ்ஸுக்கும் பொறுக்கவில்லை போல!

ஐந்தாம் மாதம் எட்டு கிலோ அறுநூறு. தொடையில் மடிப்பு, மணிக்கட்டில் மடிப்பு, கழுத்தென்று ஒன்று இருப்பதே தெரியவில்லை. பிள்ளை குப்புற விழவில்லை. ஒருக்களித்துப் படுக்கவே அதற்கு முடியவில்லை. மதுரனோ தவழப் பார்த்தான். "குண்டுப் பிள்ளைங்க அப்பிடித்தான், மெதுவா வரும்" என்றாள் பிரியந்தி. அவள் அதற்குள் வேலைக்குத் திரும்பியிருந்தாள். கரைத்த போத்தல்களை வரிசையாக ராசம்மாவிடம் கொடுத்துவிட்டு மலைக்கு ஏறுவாள்.

"வாய மூடிக்குதுடி, நான் என்ன செய்ய?" என்பாள் ராசம்மா.

"அமுக்கிக் குடுங்கக்கா. குடிக்கும்."

மார்ச் மாதத்து வெயில். பிள்ளைக்கு வயிற்றால் போகத் தொடங்கியது. மூன்றாம் நாள் பத்து மணியளவில் ராசம்மாவே மலைக்கு ஓடி வந்தாள். அந்த வயதில் அவள் அப்படி ஓடி யாரும் பார்த்ததில்லை. "பிரியந்தி, பிள்ளைக்கு வலிப்பு! கூடையப் போட்டுட்டு வாடி!"

ஆஸ்பத்திரியில் மகளின் கையில் ஊசி குத்த நரம்பு கிடைக்கவில்லை. அத்தனை சதை. தாதி ஒருத்தி நாலு இடத்தில் குத்தி, ஐந்தாவதாகத் தலையில் குத்தினாள். பிரியந்தி சுவரில் முட்டிக்கொண்டு அழுதாள். வலிப்பு நின்ற பிறகு டாக்டர் வந்து, பிள்ளைக்கு எப்படிப் பால் கரைக்கிறாய், செய்து காட்டு என்று சிங்களத்தில் சொன்னார். தமிழ் தெரிந்த அந்தத் தாதி ஒரு டின்னும் போத்தலும் கொண்டு வந்தாள். ஆறாவது கரண்டியைக் குவித்தபோது டாக்டர் அவள் கையைப் பிடித்து நிறுத்தினார். அவர் சொன்னதைத் தாதி தமிழில் சொன்னாள்.

"மா கூடினா ஒடம்புல உப்புக் கூடும்மா. ஒடம்பு தண்ணி கேக்கும். ஒங்க பிள்ள இத்தன நாளா அழுதது பசிக்கில்ல, தாகத்துக்கு. தாகத்துல அழுத பிள்ளைக்கு நீங்க மறுபடி மறுபடி இதையே குடுத்திருக்கீங்க. வயித்தாலயும் போனதும் ஒடம்பு தாங்கல."

தாகம்! நிலக்ஷி ராப்பகலாக அழுததும், ஒவ்வொரு அழுகைக்கும் தான் டின்னைத் திறந்ததும் பிரியந்தியின் கண்முன் வந்தன. அவள் கட்டிலடியில் உட்கார்ந்துவிட்டாள். நாலு நாள் சேலைன் ஏற்றினார்கள். முதல் நாள் முழுக்க அவள் பச்சைத் தண்ணீர் குடிக்கவில்லை. பிள்ளை பட்ட தாகத்தைத் தானும் படவேண்டும் என்று பிடிவாதமாக இருந்தவளைத் தாதிதான் அதட்டிக் குடிக்க வைத்தாள். "நீங்க குடிச்சாத்தான் பிள்ளைக்குப் பால் சொரக்கும். பைத்தியமா ஒங்களுக்கு?"

இத்தோடு அவள் திருந்தியிருந்தால் கதை முடிந்திருக்கும். திருந்தினாள், பிள்ளை விஷயத்தில். டின்னைத் தூக்கி எறிந்தாள், இரவில் மட்டும் கொடுத்து வந்த தாய்ப்பாலுக்கே முழுதாகத் திரும்பினாள். நெஞ்சுக்குள் இருந்ததை மட்டும் அவள் எறியவில்லை.

வீட்டுக்கு வந்த அன்று லயமே வாசல் திண்ணையில், இஸ்தோப்பில், கூடிவிட்டது. ராசம்மா உப்பும் மிளகாயும் எடுத்துப் பிள்ளைக்குச் சுற்றினாள். "கல்லடி பட்டாலும் படலாம், கண்ணடி படக்கூடாதுன்னு சும்மாவா சொன்னாங்க? எம்புட்டு அழகா கொழுகொழுன்னு இருந்த பிள்ள! எந்த நாசமாப்போன கண்ணுடி இது?"

ஒரு வார்த்தை சொன்னால் போதும். கண்ணும் இல்லை, காத்தும் இல்லை, என் கைதான் என்று ஒரே வார்த்தை. பிரியந்தி வாயைத் திறக்கவில்லை. மெதுவாகத் தலையைத் திருப்பி லோஜினியின் கதவைப் பார்த்தாள். அவ்வளவுதான் செய்தாள். மற்றதை லயம் பார்த்துக்கொண்டது.

மறுநாளிலிருந்து, தண்ணீர் பிடிக்கிற பீலிக்கரைக்கு லோஜினி வந்தால் பெண்கள் பிள்ளையின் முகத்தில் துண்டைப் போட்டு மூடினார்கள். மலையில் அவளுக்குப் பக்கத்து நிரையில் யாரும் நிற்கவில்லை. பிள்ளைக் காம்பராவில் ராசம்மா அவளை வாசலோடு நிறுத்தி மதுரனை வாங்கிக்கொண்டாள். பிறகு அவன்மேலும் பேச்சுத் திரும்பியது. "அவ கண்ணு அவ பிள்ளையவே விடலயே. பாரு, பழைய சதை ஒண்ணும் காணோம்." தவழத் தொடங்கிய பிள்ளைக்குச் சதை வற்றுவது ஒன்றும் அதிசயமில்லை. ஆனால் லயத்துக்கு யார் சொல்வது? லோஜினியின் புருஷன் சுதாகரன்கூட ஒருநாள் சுவருக்கு அந்தப்பக்கம், "தம்பி பிள்ளைய அப்பிடியா பாப்பே?" என்று கத்தினான். லோஜினி அழுதது கேட்டது.

இந்தப்பக்கம் பிரியந்தி மகளுக்குப் பால் கொடுத்துக்கொண்டிருந்தாள். சர்க்கரையாக இனித்தது அந்த அழுகை. பொய் சொல்வானேன்?

ரிஸ்னா மிஸ் வீடு தேடி வந்தார். ஆஸ்பத்திரி அட்டையில் எல்லாம் எழுதியிருந்தது. "நானா லயத்துல சொல்ல மாட்டேன். நீங்களே சொல்லுங்க. நாலு தாய்மார் கேட்டா நாலு பிள்ள தப்பும்" என்றார். சரி மிஸ் என்றாள் பிரியந்தி. சொல்லவில்லை.

ஆறாம் மாத நிறுவைக்குப் பத்து நாள் இருக்கும்போது லோஜினி வந்தாள். கதவுக்கு வெளியிலேயே நின்றாள், உள்ளே பிள்ளை இருக்கிறதே என்று. கண்ணெல்லாம் வீங்கியிருந்தது.

"நீ உள்ளயே இரு. நான் பிள்ளையப் பாக்க வரல" என்றாள். "ஒண்ணே ஒண்ணு கேக்கணும். நிலக்ஷிக்கு என்னா குடுத்த? எப்பிடி அப்பிடி ஏறுனா?"

"ஏங்கக்கா?"

"எம்பிள்ள எடை கூடிருச்சுன்னா, நான் ஏன் அடுத்தவ பிள்ளையப் பாத்து எரியணும்? யாரும் கேக்கமாட்டாங்கல்ல? இந்தப் பேரு போயிரும்ல?" குரல் உடைந்தது. "மாரியம்மா சத்தியமா நான் கண்ணு வைக்கலடி."

அவள் கண் வைக்கவில்லை என்பது இந்த உலகத்தில் பிரியந்திக்குத்தான் நன்றாகத் தெரியும். எழுந்து நின்றாள். எதிரி தன் வாசலில் கை கட்டி நிற்கிறாள். இதைவிட என்ன வேண்டும்?

"மாரு வத்துனவங்ககிட்ட வந்து கேக்குறீங்களேக்கா" என்றாள்.

"நான் சொன்னது தப்புத்தான்."

"சரி, கேளுங்க. டின்னுல போட்டிருக்கிற அளவுக்கு மேல கூட ரெண்டு கரண்டி. குவிச்சுப் போடணும். சீனி. பிஸ்கட்டப் பொடிச்சுக்குங்க. போத்தல் ஓட்டையப் பெருசாக்கிருங்க. மொகத்தத் திருப்பினா விட்றாதீங்க, அமுக்கிக் குடுங்க."

அதில் ஒரு வார்த்தை பொய் இல்லை. ஆஸ்பத்திரி வாசல் வரைக்கும் உள்ள உண்மையைச் சொன்னாள், அதற்கு அப்பால் உள்ளதை விழுங்கிவிட்டாள். லோஜினி கையெடுத்துக் கும்பிட்டுவிட்டுப் போனாள்.

முதல் மூன்று நாள் சுவர் வழியாகக் கேட்டது எல்லாமே பிரியந்திக்குச் சங்கீதம்தான். டின் திறக்கிற சத்தம், போத்தல் குலுக்குகிற சத்தம், "குடிடா ராசா, குடி" என்கிற கெஞ்சல். படட்டும், நான் பட்டதை அவளும் படட்டும்!

நாலாம் நாள் மதுரன் அழுதான். பிரியந்தி ரொட்டி தட்டிக்கொண்டிருந்த கையை நிறுத்தினாள். அந்த அழுகை அவளுக்குத் தெரியும். தொண்டை வறண்டு, முடிவில் கீச்சென்று உடைகிற அழுகை. நிலக்ஷி அழுதது அதே அழுகை. உடனே சுவருக்கு அந்தப்பக்கம், "இன்னும் பசிக்குதா எஞ்சாமிக்கு? இந்தா, இந்தா" என்று டின் திறந்தது.

போய்ச் சொல்லலாம். எட்டடிதான் தூரம். போய்ச் சொன்னால் லயத்துக்குத் தெரியும், கண் இல்லை என்று. லோஜினியின் பேர் போகும், தன் பேர் வரும். பெற்ற பிள்ளைக்கு விஷமாய் ஊட்டியவள் என்று. பிரியந்தி ரேடியோவைச் சத்தமாகப் போட்டாள். நான் என்ன பொய்யா சொன்னேன், கேட்டாள் சொன்னேன், என்று தனக்குத்தானே வாதாடினாள். ரேடியோவுக்கு மேலாக அந்தக் கீச்சுக் குரல் கேட்டுக்கொண்டேயிருந்தது.

நிறுவை நாள் காலையில் குரல் கேட்கவில்லை. அதுதான் அவளை எழுப்பியது. காதைச் சுவரில் வைத்தாள். சுதாகரன் பேசினான்: "நேத்துலருந்து வயித்தால போகுது, சோந்து கெடக்கான். ஆஸ்பத்திரிக்குக் கொண்டு போவோம்."

"இன்னிக்கு நிறுத்து முடியட்டும்" என்றாள் லோஜினி. "எட்டு கிலோ தாண்டிட்டான், தூக்குறப்பவே தெரியுது. அவளுங்க கண்ணால பாக்கட்டும். நாளைக்குப் போவோம்."

பிரியந்தி நிலக்ஷியை இடுப்பில் வாரிப் போட்டுக்கொண்டு வெளியே வருவதற்குள் அடுத்த கதவு பூட்டிக் கிடந்தது; பிள்ளைக் காம்பராவுக்கு ஓடினாள். லோஜினி குறுக்குப் பாதையில் முந்திக்கொண்டு போய், பிள்ளைக் காம்பரா வாசலில் உட்கார்ந்திருந்தாள். பெண்கள் சற்றுத் தள்ளி நின்று எட்டிப் பார்த்துக்கொண்டிருந்தார்கள். மதுரனின் உதடு வெடித்திருந்தது, கண் பாதி செருகியிருந்தது. அவன் தாடையை அமுக்கி, லோஜினி நிறைபோத்தலை வாயில் வைத்துக்கொண்டிருந்தாள்.

பிரியந்தி போத்தலைப் பிடுங்கி முற்றத்தில் வீசினாள்.

"பாத்தீங்களாடி!" என்று ஒருத்தி கூவினாள். "அவ பிள்ள மிஞ்சிருமோன்னு இவளுக்குப் பொறாமை!"

"வாய மூடுங்க!" பிரியந்தி போட்ட சத்தத்தில் இடுப்பிலிருந்த நிலக்ஷி வீரிட்டு அழுதாள். "கண்ணும் இல்ல, ஒரு மண்ணும் இல்ல! எம்பிள்ளைக்கு வலிப்பு வந்தது என் கையால. இந்த மாதிரி கெட்டியாக் கரைச்சு, அமுக்கி அமுக்கி நான்தான் குடுத்தேன். டாக்டர் சொன்னாரு, நான் ஒங்க யாருகிட்டயும் சொல்லல. யக்கா, அவன் பசிக்கு அழல, தாகத்துக்கு அழுவுறான். பிள்ளையப் பாருங்க!"

ராசம்மா நெற்றியில் அடித்துக்கொண்டாள். தான் அமுக்கிக் கொடுத்த போத்தல்கள் அவளுக்கு ஞாபகம் வந்திருக்க வேண்டும்.

அந்த நேரத்துக்கு ரிஸ்னா மிஸ் வந்து சேர்ந்தார். மதுரனின் நாக்கைத் தொட்டுப் பார்த்தார், வயிற்றுத் தோலைக் கிள்ளிப் பார்த்தார். "நிறுக்க வேணாம். ஆட்டோவக் கூப்பிடுங்க, ஓடுங்க!" என்றார். லோஜினி பிள்ளையோடு ஏறிக்கொண்டு, "நீயும் ஏறு, டாக்டர்கிட்ட நீதான் சொல்லணும்" என்றாள். நிலக்ஷியை மிஸ்ஸின் கையில் கொடுத்துவிட்டுப் பிரியந்தி ஏறினாள். இறங்குகிற வளைவெல்லாம் லோஜினி பிள்ளையின் வாயருகே விரலை வைத்து மூச்சு வருகிறதா என்று பார்த்தபடியே வந்தாள்.

அதே வார்டு, அதே தாதி. ஊசி ஏற்றி முடித்ததும் பிரியந்தியை அடையாளம் கண்டுகொண்டாள். "மறுபடியுமா? எத்தன தடவ சொன்னேன்!" பிறகு லோஜினியிடம் திரும்பினாள். "யாரு ஒங்களுக்கு இப்பிடிக் கரைக்கச் சொல்லிக் குடுத்தது?"

லோஜினி தலையை நிமிர்த்தி ஓரகத்தியைப் பார்த்தாள்.

"நான்தான்" என்றாள் பிரியந்தி.

"வேணும்னுதான சொன்ன?" என்று கேட்டாள் லோஜினி. "ஆஸ்பத்திரியில கெடந்துட்டு வந்த பொறகு, எல்லாந் தெரிஞ்சுதான சொன்ன?"

"ஆமாங்கக்கா."

பளாரென்று விழுந்தது அறை. வார்டிலிருந்த தாய்மாரெல்லாம் திரும்பிப் பார்த்தார்கள். தாதி பாய்ந்து லோஜினியின் கையைப் பிடித்தாள். பிரியந்தி கன்னத்தைத் தடவக்கூட இல்லை. இன்னும் ரெண்டு போடட்டும், எனக்கு வேணும், என்று நின்றாள். ஆனால் லோஜினி கட்டில் பக்கம் திரும்பிவிட்டாள்.

"சண்டைய வீட்டுல வச்சுக்குங்க" என்றாள் தாதி. "பிள்ள ஒண்ணுக்குப் போனாத்தான் டாக்டருக்கு நிம்மதி. ரெண்டு பேருமாப் பாத்துக்கிட்டே இருங்க."

கட்டிலுக்கு அந்தப்பக்கம் ஒருத்தி, இந்தப்பக்கம் ஒருத்தி. பதினோரு மணி ஆனது, பன்னிரண்டு ஆனது. சேலைன் சொட்டுச் சொட்டாக இறங்கியது. ஐந்து நிமிடத்துக்கு ஒருமுறை லோஜினி பிள்ளையின் அடியில் போட்டிருந்த துணியைத் தடவிப் பார்த்தாள். காய்ந்துதான் இருந்தது. கும்பிடாத சாமி இல்லை. பிரியந்தியும் கும்பிட்டாள், அவள் மகனுக்காக, அவளுக்குக் கேட்காத குரலில்.

இரண்டு மணிக்கு மேல் இருக்கும். தாதி சொல்லி, குழாயோடு பிள்ளையை மெதுவாக மடிக்கு எடுத்த லோஜினி திடீரென்று அசையாமல் உட்கார்ந்தாள். அவள் சேலையில் ஒரு ஈரம் பரவிக்கொண்டு வந்தது.

"ஒண்ணுக்கு அடிச்சிட்டான்!" என்று கத்தினாள். கத்திச் சொல்ல அங்கே அவளுக்கு வேறு யாருமில்லை. "பிரியந்தி, அடிச்சிட்டான்டி! இங்க பாரு, தொட்டுப் பாரு!"

பிரியந்தி குனிந்து தொட்டுப் பார்த்தாள். சூடாக இருந்தது. இரண்டு பேருக்கும் ஒரே நேரத்தில் அழுகை பீறிட்டது. மதுரன் பாதி கண்ணைத் திறந்து, எதற்கு இந்த ஆர்ப்பாட்டம் என்பதுபோல் சிணுங்கினான்.

அழுது முடித்து, மூக்கைச் சிந்தி, லோஜினி நிமிர்ந்தாள்.

"இதுனால ஒன்ன மன்னிச்சிட்டேன்னு நெனச்சிராத."

"நான் மட்டும் ஒங்கள மன்னிச்சிட்டேனாக்கும்?" என்றாள் பிரியந்தி. கட்டிலில் இருந்த துணியை எடுத்துப் பிள்ளைக்கு மாற்றிவிட்டு, ஈரத்துணியை அலசக் குழாயடிக்குப் போனாள்.